பொதுமைய: ஒரு பெயரடையின் மதுரை வாழ்க்கை

சில சொற்கள் கணக்குப் புத்தகத்திலேயே பிறந்து, அங்கேயே வளர்ந்து, அங்கேயே ஓய்வும் பெற்றுவிடுகின்றன. 'பொதுமைய' என்னும் பெயரடை அந்த வகை. காம்பஸ் முள்ளை ஒரே புள்ளியில் குத்தி, பென்சிலை அகட்டி அகட்டி இரண்டு வட்டம் போடும் நாளன்று அது மாணவருக்கு அறிமுகமாகிறது. மறுநாள் வேறு பாடம். அதற்குப் பிறகு அந்த மாணவர் படித்து, வேலைக்குப் போய், பேரன் பேத்தி எடுத்தாலும் அந்தச் சொல்லை மறுபடி சந்திப்பதில்லை. கல்யாணப் பத்திரிகையில் அது இல்லை, தேர்தல் அறிக்கையில் இல்லை, வசைச்சொல்லாகக்கூட யாரும் பயன்படுத்தியதில்லை. இப்படி ஆதரவற்றுக் கிடக்கும் இச்சொல்லின் பொருளையும் ஆட்சியையும், மதுரை மாநகரைக் களமாகக் கொண்டு நிறுவுவதே இவ்வாய்வின் நோக்கம். இதற்கு எந்த நிறுவனமும் நிதி தரவில்லை. கேட்கவும் இல்லை.

முதலில் இலக்கணம். 'பொது', 'மையம்' இரண்டும் சேர்ந்து, கடைசி 'ம்' கெட்டு, 'பொதுமைய' என்று நிற்கிறது. அடுத்து வல்லினத்தில் தொடங்கும் சொல் வந்தால் ஒற்று மிக வேண்டும்: பொதுமையச் சதுரம், பொதுமையத் தெரு. ஆனால் பாடநூல் இந்தப் பெயரடைக்குக் கட்டிவைத்த ஒரே துணை 'வட்டங்கள்'. வகரம் இடையினம், ஒற்று மிகாது. ஆக, இத்தனை தலைமுறைப் பிள்ளைகளின் நோட்டில் எழுதப்பட்டும் ஒரு 'ச்'சோ 'த்'தோ பெற்றெடுக்க இச்சொல்லுக்கு வாய்க்கவில்லை. ஒரு தமிழ்ப் பெயரடைக்கு இதைவிடப் பெரிய துயரம் இருக்க முடியாது என்பது என் துணிபு.

பொருள் எளியது. மையம் ஒன்று, ஆரம் வேறு வேறு. அதனால் இரண்டு வட்டங்களும் ஒன்றையொன்று வெட்டுவதில்லை, தொடுவதுமில்லை. எங்கே அளந்தாலும் இடைவெளி ஒரே அளவு. உள்வட்டத்தைத் தொட்டுக்கொண்டு போகும்படி வெளிவட்டத்தில் ஒரு நாண் வரைந்து அதன் நீளத்தை மட்டும் அளந்தால், நடுவிலுள்ள வளையத்தின் பரப்பு கிடைத்துவிடும். ஆரம் என்ன என்று யாரையும் கேட்க வேண்டியதில்லை. இதில் கவனிக்க வேண்டியது 'பொது' என்னும் பகுதி. ஒற்றை வட்டத்தைப் பொதுமைய வட்டம் என்று சொல்ல முடியாது. பங்குக்கு இன்னொருவர் வந்தால்தான் எதுவும் பொது.

இனி களம். மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலின் மதிலுக்கு உள்ளே ஆடி வீதிகள். மதிலை ஒட்டி வெளியே சித்திரை வீதிகள். அதற்கு வெளியே ஆவணி மூல வீதிகள், அதற்கும் வெளியே மாசி வீதிகள், எல்லாவற்றுக்கும் வெளியே வெளி வீதிகள். ஒவ்வொன்றும் கீழ, மேல, வடக்கு, தெற்கு என்று நாலு. தெற்காவணி மூல வீதியில் நகை எடுத்துவிட்டு மேல வெளி வீதியில் ரயிலேறப் போகிறவர், தாம் ஒரு பொதுமைய அமைப்பின் உள்வளையத்திலிருந்து வெளிவளையத்துக்கு நகர்வதாக நினைப்பதில்லை. பெட்டியைப் பத்திரமாகப் பிடித்துக்கொள்வதிலேயே குறியாக இருப்பார். ஆனாலும் கணிதப்படி அவர் அதைத்தான் செய்கிறார்.

உள்ளிருந்து வெளியே வரும் வரிசையில் மாதங்களுக்கு எண் கொடுத்துப் பார்த்தேன். ஆடி 4, சித்திரை 1, ஆவணி 5, மாசி 11. இந்த எண்தொடருக்குச் சூத்திரம் எதுவும் பிடிபடவில்லை. கணக்கில்தான் பிடிபடவில்லை, வரலாற்றில் பிடிபடும். எந்த மாதத் திருவிழாவுக்குச் சாமி எந்தத் தெருவைச் சுற்றியதோ அந்த மாதப் பெயர் அந்தத் தெருவுக்கு வந்தது. சிக்கல் என்னவென்றால், சித்திரைத் திருவிழாவின் பெரிய தேர் ஓடுவது மாசி வீதிகளில். மாசியில் நடந்த மீனாட்சி கல்யாணத்தைத் திருமலை நாயக்கர் (ஆட்சி 1623 முதல் 1659 வரை) அழகர் விழாவோடு சேர்த்துச் சித்திரைக்கு மாற்றினார் என்பார்கள். மாதத்தை மாற்ற ராஜாவால் முடிந்தது. அவ்வளவு பெரிய தேரைச் சித்திரை வீதிக்குள் திருப்ப அவராலும் முடியாது. தேர் மாசியிலேயே நின்றுவிட்டது. வெளியூர்க்காரர் சித்திரைத் தேரைப் பார்க்கச் சித்திரை வீதியில் காத்திருந்தால் அவரைக் குற்றம் சொல்ல முடியாது.

தேர் என்றதும் ஒரு முக்கியமான எதிர்வாதத்துக்குப் பதில் சொல்லிவிட வேண்டும். "பொதுமைய என்பது வட்டத்துக்கு மட்டுமே உரிய அடைமொழி, மதுரைத் தெருக்கள் சதுரம், ஆகவே ஆய்வு செல்லாது" என்று பாடநூல் கட்சியினர் சொல்லக்கூடும். சதுரத்துக்கும் செவ்வகத்துக்கும் மையம் உண்டு. மூலைவிட்டங்கள் இரண்டும் வெட்டிக்கொள்ளும் இடமே அது. பெரிய சதுரத்துக்கும் சிறிய சதுரத்துக்கும் அந்தப் புள்ளி ஒன்றாக இருந்தால் அவை பொதுமையச் சதுரங்கள். ஏன் வட்டமாகப் போடவில்லை என்ற கேள்விக்குத் தேரே பதில். தேருக்கு ஸ்டியரிங் கிடையாது. சக்கரத்துக்கு அடியில் முட்டுக்கட்டை போட்டுப் போட்டுத்தான் அதைத் திருப்ப வேண்டும். சதுரத்தில் நாலே திருப்பம். மற்ற நேரமெல்லாம் வடம் பிடித்து நேராக இழுக்கலாம். வட்டத் தெருவில் ஒவ்வோர் அடிக்கும் ஒரு முட்டுக்கட்டை வேண்டும். சித்திரையில் கிளம்பிய தேர் நிலைக்கு வர உண்மையாகவே மாசி ஆகிவிடும்.

சதுரத்துக்கு ஒரு விலையும் உண்டு. கோயில் வெளிமதில் ஏறக்குறைய 254 மீட்டருக்கு 237 மீட்டர். ஒரு சுற்று 982 மீட்டர், கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. மதிலிலிருந்து எல்லாப் பக்கமும் 10 மீட்டர் தள்ளி நடந்தால் சுற்று எவ்வளவு கூடும்? 80 மீட்டர். 50 மீட்டர் தள்ளினால் 400. எந்த வளையத்திலிருந்து தள்ளினாலும், அது கோயில் மதிலானாலும் கல்கண்டுக் கட்டியானாலும், தள்ளிய தூரத்தின் எட்டு மடங்குதான் கூடும். வட்டமாக இருந்தால் ஆறேகால் மடங்கோடு தப்பிக்கலாம். மிச்சம் ஒன்றே முக்கால் மடங்கு நாலு மூலைகளுக்கும் நாம் கட்டும் கூலி. வேண்டுதலுக்குச் சுற்றுகிறவர்கள் மாசி வீதியா சித்திரை வீதியா என்று முடிவெடுக்குமுன் இந்த எட்டை நினைவில் வைப்பது நல்லது. முழங்கால் வலி உள்ளவர்களுக்கு ஆடி வீதியைப் பரிந்துரைக்கிறேன். கணக்கும் பக்தியும் அங்கே ஒத்துப்போகின்றன.

இவ்வளவு நேர்த்தியை யார் போட்டார்கள்? இப்போதுள்ள அமைப்பை 16ஆம் நூற்றாண்டில் விசுவநாத நாயக்கர் காலத்தோடு சேர்த்துச் சொல்வது வழக்கம். கருத்து அதைவிடப் பழையது. பரிபாடலே இந்த ஊரைத் தாமரைப் பூவுக்கும், தெருக்களை இதழ்களுக்கும், நடுவிலுள்ள கோயிலைப் பொகுட்டுக்கும் ஒப்பிட்டுவிட்டது. அங்கே 'கோயில்' என்பது பாண்டியன் அரண்மனை என்று கொள்வாரும் உண்டு. மையத்தில் யார் என்ற சண்டை அப்போதே ஆரம்பித்திருக்கிறது.

வெளி வளையத்தின் கதை வேறு. 19ஆம் நூற்றாண்டில் கலெக்டர் பிளாக்பர்ன் காலத்தில் கோட்டை மதிலை இடித்து, அகழியைத் தூர்த்து, ஊரை அகலப்படுத்தினார்கள். வெளி வீதிகளும், மாசிக்கும் வெளி வீதிக்கும் நடுவிலுள்ள பெருமாள் மேஸ்திரி வீதிகளும் மாரட் வீதிகளும் அப்படி வந்தவை. வேலையை முன்னின்று நடத்தியவர்கள் பெயரே தெருவுக்கு ஆயிற்று. உள்ளே நாலு மாதங்கள். அதற்கு வெளியே ஒரு மேஸ்திரியும் ஒரு வெள்ளைக்காரரும். வைகாசிக்கும் புரட்டாசிக்கும் இதில் மனக்குறை இருக்கலாம். பிளாக்பர்னுக்கு நன்றி சொல்லி ஊர்க்காரர்கள் நட்டதுதான் விளக்குத்தூண். இன்று அந்தப் பக்கம் ஜிகர்தண்டா குடிக்க நிற்கிற கூட்டத்தில், பிளாக்பர்ன் யார் என்று கேட்டால் "எந்தக் கடைண்ணே அது?" என்பார்கள்.

மாசி வீதியை விட்டு நகருமுன் ஒரு குறிப்பு. 1921 செப்டம்பர் 22 அன்று காந்தி அரையாடைக்கு மாறியது மேலமாசி வீதியில் ஒரு வீட்டு மாடியில். வெளிவளையத்தைக் களைந்து உள்வளையத்தோடு நிறுத்திக்கொண்டவர் என்ற முறையில் அவருக்கும் இவ்வாய்வில் இடம் உண்டு.

இப்போது தலையாய சிக்கல்: அந்தப் பொது மையம் எது? வரைபடத்தைப் பார்த்தால் சுவாமி சன்னதிதான் நடுவை ஒட்டி இருக்கிறது. அம்மன் சன்னதி அதற்குத் தென்மேற்கே தள்ளி இருக்கிறது. ஆனால் மதுரைக்காரர் யாரும் நேரே சுவாமியிடம் போவதில்லை. முதலில் அம்மன், பிறகுதான் ஐயா. புதிதாகக் கல்யாணமானவரிடம் "உங்க வீட்டுல மதுரையா, சிதம்பரமா?" என்று கேட்பது தமிழ்நாடு முழுவதும் வழக்கம். சிதம்பரம் என்றால் கணவன் கை ஓங்கியது, மதுரை என்றால் மனைவி ஆட்சி. ஆக, அளவு நாடா ஒரு மையத்தைக் காட்டுகிறது, ஊர் இன்னொன்றைக் காட்டுகிறது. கணிதத்தில் இதற்கு 'மையம் விலகிய' என்று பெயர் வைத்துவிடலாம். அதைச் சித்திரை வீதியில் நின்று உரக்கச் சொல்ல இந்த ஆய்வாளருக்குத் துணிவில்லை. "தெருக்கள் சுவாமியைச் சுற்றுகின்றன, சுவாமி அம்மனைச் சுற்றுகிறார்" என்று ஒரு சமரச முடிவை முன்வைக்கிறேன்.

மையமாக முயன்று தோற்றவர்களும் உண்டு. திருமலை நாயக்கர் 1636இல் கோயிலுக்குத் தென்கிழக்கே மகால் கட்டினார். அத்தனை பெரிய தூண்கள், அத்தனை உயரக் கூரை. சுற்றிலும் மகால் தெருக்கள் என்று சில வந்தன. ஒரு வளையம்கூடத் தேறவில்லை. ராஜாவே ஆனாலும் மாசி வீதிக்கு அவர் இல்லம் வழியில் தட்டுப்படும் கட்டிடம்தான். பின்னாளில் கமல்ஹாசன் தம் கட்சியை 2018 பிப்ரவரி 21 அன்று மதுரையில் தொடங்கி, பெயரிலேயே 'மய்யம்' வைத்தார். கூட்டம் நடந்த இடம் ஒத்தக்கடை. எல்லா வளையங்களுக்கும் வெளியே, ஊரின் வடகிழக்கு ஓரம். எழுத்துப்பிழை என்று 'மய்யம்' மீது சண்டைக்கு வந்த புலவர்கள் இந்த வடிவியல் பிழையை எப்படி விட்டார்கள் என்பது புரியவில்லை.

இந்த வளையங்களுக்கு மரியாதை கொடுத்துத் தள்ளியே நிற்பவர் கள்ளழகர் ஒருவர்தான். அழகர்கோவிலிலிருந்து இருபது கிலோமீட்டருக்கு மேல், ஆரத்தின் மேலேயே நடப்பதுபோல் மதுரையை நோக்கி வருகிறார். வைகை ஆற்றில் இறங்குகிறார். அங்கிருந்து கோயிலுக்கு வருவார் என்று பார்த்தால், அப்படியே திரும்பி வண்டியூருக்குப் போய்விடுகிறார். தங்கை மீனாட்சியின் கல்யாணம் அதற்குள் முடிந்துவிட்டதால் கோபம் என்பது ஊர் சொல்லும் காரணம். வட்டத்தைத் தொடுகிற கோடு உள்ளே நுழையாது, தொட்ட இடத்தில் ஆரத்துக்குச் செங்குத்தாகத் திரும்பிப் போகும் என்பது வடிவியல் சொல்லும் காரணம். தொடுகோட்டுக்கு இத்தனை லட்சம் பேர் கூடி நின்று சர்க்கரைக் கிண்ணத்தில் சூடமேற்றிக் காட்டும் ஊர் வேறெங்கும் இருப்பதாகத் தெரியவில்லை.

ஆட்சி விதிகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தெருக்கள் ரூலர் வைத்து வரைந்தவை அல்ல. மாசி வீதியில் கோணல் உண்டு, வெளி வீதியில் அதைவிட உண்டு. ஆகவே 'ஏறக்குறைய பொதுமைய' என்பதே நேர்மையான பிரயோகம். மாட்டுத்தாவணி, ஆரப்பாளையம் பேருந்து நிலையங்களுக்கு இச்சொல் செல்லாது. அங்கே எல்லாம் பொது, மையம்தான் இல்லை. ஆட்டோக்காரரிடம் இச்சொல்லைப் பயன்படுத்த வேண்டாம். "பொதுமைய வீதி போகணும்" என்றதற்கு, "பொது மயானமாண்ணே? தத்தனேரிதான?" என்று அவர் அக்கறையோடு கேட்க வாய்ப்பிருக்கிறது.

பாடநூல் குழுவினருக்கு ஒரு விண்ணப்பம். அடுத்த பதிப்பில் அந்த இரண்டு வட்டங்களுக்குப் பக்கத்தில் மதுரைத் தெருப் படம் ஒன்றைப் போடுங்கள். கீழே 'பொதுமையத் தெருக்கள்' என்று 'த்' விட்டுப்போகாமல் அச்சிடுங்கள். இடம் போதவில்லையென்றால் வட்டங்களில் ஒன்றை மட்டும் எடுத்துவிடாதீர்கள். எடுப்பதானால் இரண்டையும் எடுங்கள்.