மாடு, மது, காணாமற்போன ஒரு வாசகம்

வெளிநாட்டுக் கொள்கை பற்றிக் கதைக்கிறவர்கள் எடுத்த எடுப்பிலேயே வாஷிங்டனுக்கும் பீஜிங்குக்கும் போய்விடுகிறார்கள். மட்டக்களப்பின் தேற்றாத்தீவில் இருக்கிறவனுக்கு அந்த விமானச் செலவு தேவையில்லை. கிழக்கே கடல், மேற்கே வாவி, நடுவில் கல்முனை வீதி. வடக்கே கொஞ்ச நேரம் பஸ்ஸில் இருந்தால் புளியந்தீவுக் கோட்டை. சர்வதேச உறவுகள் என்று பல்கலைக்கழகத்தில் படிப்பிக்கிற பாடம் முழுவதும் 1602க்கும் 1638க்கும் இடையில் இந்தக் கரையிலேயே நடந்து முடிந்துவிட்டது. அதைப் படித்துப் பட்டம் வாங்கியவர் எவரும் இல்லை. தலை போனவர்கள் இருக்கிறார்கள்.

பாடம் இதுதான். நாடுகளுக்கு நிரந்தர நண்பனும் இல்லை, எதிரியும் இல்லை, நலன் மட்டும்தான் உண்டு. அறம், நியாயம் எல்லாம் மேடைக்குச் சரி, மேசைக்குச் சரிவராது. இதற்கு யதார்த்தவாதம் என்று கௌரவமான பேர். பக்கத்து நாட்டான் பகைவன், அவனுக்கு அங்கால இருக்கிறவன் நண்பன் என்று கௌடில்யர் வட்டம் போட்டுக் காட்டினார். வாக்குக் காப்பாற்றுவது நட்டமென்றால் காப்பாற்றத் தேவையில்லை என்று மாக்கியவெல்லி எழுதினார். இரண்டு பேருமே மட்டக்களப்புக்கு வரவில்லை. வந்திருந்தால் கணக்கில் ஒரு மாட்டையும் சேர்த்திருப்பார்கள்.

1602 மே மாதக் கடைசியில் யாராவது தேற்றாத்தீவுக் கடற்கரையில் நின்றிருந்தால், தெற்கிலிருந்து பாய்மரம் ஒன்று வடக்கே போவதைக் கண்டிருக்கலாம். ஒல்லாந்துக் கப்பல். தலைவன் யோரிஸ் வன் ஸ்பில்பேர்கன். முந்தின வருசம் சீலாந்திலிருந்து அவன் மூன்று கப்பலோடு புறப்பட்டவன். அந்தக் கப்பல்களின் பேர் செம்மறிக் கிடாய், செம்மறியாடு, செம்மறிக் குட்டி. ஆசியாவைப் பிடிக்க வந்தவர்களில் இவ்வளவு சாதுவான பேர்களோடு வந்தவர்கள் வேறு யாரும் இருக்கமாட்டார்கள்.

மட்டக்களப்பார் முதலில் இவனையும் போர்த்துக்கேயன் என்றே நினைத்தார்கள். அதே வெள்ளைத் தோல், அதே தொப்பி, மிளகு இருக்கா கறுவா இருக்கா என்று அதே கேள்வி. நாங்கள் போர்த்துக்கேயரின் பரம எதிரிகள் என்று அவன் படாதபாடுபட்டு விளங்கப்படுத்தினான். செய்தி மலையேறிக் கண்டிக்குப் போனது. அங்கே மன்னன் விமலதர்மசூரியனுக்குக் காது இனித்தது.

இந்த விமலதர்மசூரியன் லேசுப்பட்ட ஆளில்லை. பழைய பேர் கோணப்பு பண்டார. போர்த்துக்கேயர் அவனுக்கு ஞானஸ்நானம் கொடுத்து, ஒஸ்திரியாவின் தொன் யுவான் என்று பேரும் வைத்து, படையோடு கண்டிக்கு அனுப்பினார்கள். அவன் கண்டிக்குப் போனான், சிம்மாசனத்தில் ஏறினான், மறுகா அவர்களையே அடித்துத் துரத்தினான். தங்கள் சொற்படி ஆளுவதற்கென்று தொனா கத்தரினா என்ற இளவரசியை அவர்கள் கூட்டிவந்தபோது, 1594இல் தந்துறையில் அந்தப் படையையும் முறியடித்து இளவரசியையும் கலியாணம் முடித்தான். நலன் பார்த்து நடக்கும் வித்தையில் அவனுக்கு யாரும் வகுப்பெடுக்கத் தேவையில்லை.

ஸ்பில்பேர்கனுக்குக் கண்டியில் ராச உபசாரம். பிடிபட்ட போர்த்துக்கேயக் கப்பல் ஒன்றை அவன் மன்னனுக்குக் காணிக்கை கொடுத்தான். போகும்போது இரண்டு வாத்தியக்காரரையும் விட்டுப்போனான். மன்னனுக்கு ஒல்லாந்தர் செய்த முதல் வெளிநாட்டு உதவி இதுதான், ஒரு கப்பலும் கொஞ்சம் சங்கீதமும். மன்னன் உருகிப்போய், வந்து கோட்டை கட்டுங்கள், நானும் ராணியும் பிள்ளைகளும் தோளில் கல் சுமப்போம் என்றான். விருந்தாளியிடம் இப்படிச் சொல்வது எங்கட பக்கத்து மரியாதை. ஒல்லாந்தர் அதைக் காணி உறுதி எழுதிக் கொடுத்தது போல எடுத்துக்கொண்டார்கள்.

அடுத்து வந்தவன் செபால்ட் டி வீர்ட். இரண்டாம் தடவை, 1603இல், பெரிய கப்பல் கூட்டத்தோடு வந்தான். திட்டம் சுத்தமான யதார்த்தவாதம். கடலில் ஒல்லாந்தர், தரையில் கண்டிப் படை, நடுவில் அகப்பட்டு நசுங்குவது போர்த்துக்கேயர். இரு பக்கத்துக்கும் இலாபம். இதில் பிழை வர இடமேயில்லை.

பிழை மாட்டில் வந்தது. மாதக்கணக்கில் உப்பிறைச்சி தின்று நாக்குச் செத்துப்போன மாலுமிகள் கரையில் இறங்கி ஊர் மாடுகளை வெட்டித் தின்றார்கள். கோயில் மணி கேட்கிற தூரத்தில் மாட்டிறைச்சி மணம். செம்மறி என்று பேர் வைத்த கப்பலில் வந்த கூட்டத்தின் பின்னால் வந்தவர்கள் மாட்டில் கைவைப்பார்கள் என்று ஊர்ச்சனம் எதிர்பார்க்கவில்லை. உலக வரைபடத்தைச் சுருட்டிக் கையில் வைத்திருந்த டி வீர்ட்டுக்கு இது சமையற்கட்டுச் சமாச்சாரம். மாட்டுச் சொந்தக்காரனுக்கு இதுதான் வெளிநாட்டுக் கொள்கை.

பிறகு டி வீர்ட் ஒரு நல்ல காரியம் செய்தான். கெட்டது அதோடுதான். நாலு போர்த்துக்கேயக் கப்பல்கள் அவனிடம் பிடிபட்டன. சரணடைந்தால் உயிருக்குச் சேதமில்லை என்று வாக்குக் கொடுத்திருந்தான். கொடுத்தபடி விட்டுவிட்டான். மன்னனுக்கு நெருப்பு ஏறியது. எதிரியைப் பிடித்துத் தா என்று கூப்பிட்ட ஆள், பிடித்த எதிரியைப் போய்வா என்று வழியனுப்பினால் என்ன நினைப்பது? எதிரிக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றியது, நண்பனுக்குத் துரோகமாகப் போய்விட்டது. அறத்தின் பக்கம் நிற்கிறேன் என்கிறவர்கள் எந்த அறத்தின் பக்கம் என்றும் சொல்லவேண்டியிருக்கிறது.

மன்னன் மட்டக்களப்புக்கு இறங்கி வந்திருந்தான். இனி வரும் கதையின் சாரம் பழைய பதிவுகளில் உள்ளது, பாஷை மட்டும் எங்கட ஊர்ப் பாஷை. டி வீர்ட் நல்ல வெறியில் இருந்தான்.

“ராசா, கப்பலை ஒருக்கா வந்து பாத்துட்டுப் போங்க.”

“இல்ல. நான் கண்டிக்குப் போக வேணும். அங்க ராணி தனிய இருக்கா.”

“ராணி தனிய இருக்கமாட்டா. துணைக்கு ஆளா கிடைக்காது?”

ஒரு அரசனின் பெண்சாதியைப் பற்றி, அவன் முகத்துக்கு முன்னால், அவனுடைய வாளுக்கு எட்டிய தூரத்தில் நின்று இப்படிச் சொல்வதற்கு எந்த வல்லரசின் பின்பலமும் காணாது. இந்த நாயைக் கட்டுங்கள் என்று மன்னன் உத்தரவிட்டான். அதுவும் போர்த்துக்கேய மொழியில். கட்டுவதற்கு முன்னமே தலை பிளந்துவிட்டது. கரையில் நின்ற ஒல்லாந்தரில் ஏறக்குறைய 50 பேருக்கும் அதே கதி.

மன்னன் மீதிக் கப்பல்களுக்கு ஒரு சீட்டு அனுப்பினான். குடிகாரன் உருப்படமாட்டான், கடவுள் நீதி செய்துவிட்டார், உங்களுக்குச் சமாதானம் வேண்டுமென்றால் சமாதானம், சண்டை என்றால் சண்டை என்பது அதன் பொருள். இராசதந்திரக் கடிதம் என்றால் இப்படி இருக்கவேண்டும். கவலை இல்லை, அனுதாபம் இல்லை, கூட்டறிக்கை இல்லை. பழி மதுவுக்கு, பொறுப்பு கடவுளுக்கு.

இதே 1603 பெப்ரவரியில் சிங்கப்பூர்ப் பக்கம் இன்னொரு ஒல்லாந்தன், ஹீம்ஸ்கேர்க், சாந்தா கத்தரீனா என்ற போர்த்துக்கேயக் கப்பலைப் பிடித்தான். அவன் போய்வா என்று விடவில்லை. சரக்கை ஒல்லாந்துக்குக் கொண்டுபோய் ஏலம் போட்டதில் 30 இலட்சம் கில்டருக்கு மேல் வந்தது. கொள்ளை என்று யாரும் சொல்லிவிடக்கூடாதே என்று ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனி ஹூகோ குரோசியஸ் என்ற இளம் வழக்கறிஞரைப் பிடித்தது. கடல் எல்லாருக்கும் பொது, அதை மறித்தவனைப் பிடித்தது நியாயம் என்று அவர் எழுதிய பெரிய நூலின் ஒரு பகுதி 1609இல் ‘சுதந்திரக் கடல்’ என்று அச்சானது. அவரைத்தான் இன்றைக்கு சர்வதேசச் சட்டத்தின் தந்தை என்கிறோம். நாலு கப்பலை விட்டவனுக்குத் தலை போனது. ஒரு கப்பலைப் பிடித்தவனுக்காகச் சட்டமே பிறந்தது.

ஒல்லாந்தர் உதவி வேண்டும் என்ற ஆசை கண்டிக்கு விடவில்லை. அடுத்த மன்னன் செனரத்தின் அவையில் மார்சலஸ் பொஷோவர் என்ற ஒல்லாந்தன் தங்கிவிட்டான். மன்னன் அவனுக்கு மீகம இளவரசன் என்று பட்டம் கட்டினான். படை கேட்டு ஊருக்குப் போனவன், என்னை இளவரசனாக நடத்துங்கள் என்று அங்கே அடம்பிடித்தான். கம்பனிக்காரர் சிரித்தார்கள். கோபத்தில் டென்மார்க்குக்குப் போய் அந்த ராசாவிடம் வாக்குகளை அள்ளி வீசினான். டேனியக் கப்பல்கள் 1618இல் புறப்பட்டன. வழியிலேயே பொஷோவர் செத்துப்போனான். 1620இல் வந்து இறங்கியவர்களிடம், அவன் சொன்னதற்கெல்லாம் நான் பொறுப்பில்லை என்று செனரத் கைவிரித்துவிட்டான். வந்தது வந்தாச்சு என்று டேனியர் தஞ்சாவூருக்குப் போய் இரகுநாத நாயக்கரிடம் தரங்கம்பாடியை வாங்கினார்கள். தமிழ்நாட்டுக் கரையில் டேனியக் கோட்டை ஒன்று நிற்பதற்கு எங்கட கரையில் பலிக்காத ஒரு புளுகுதான் காரணம்.

இவ்வளவு வெள்ளைக்காரர் வந்துபோவதைக் கண்டு விழித்த போர்த்துக்கேயர் 1628இல் புளியந்தீவில் கோட்டை கட்டினார்கள். செனரத்தின் மகன் இரண்டாம் இராசசிங்கன் அதை எடுக்க நினைத்தான். 1636இல் ஒரு பிராமணரின் கையில் கடிதம் கொடுத்துப் பழவேற்காட்டு ஒல்லாந்தருக்கு அனுப்பினான். 1638 மே மாதம் வெஸ்டர்வோல்ட் என்ற தளபதி கப்பல்களோடு வந்தான். 18ஆம் திகதி கோட்டை விழுந்தது. 23ஆம் திகதி ஒப்பந்தம்.

போர்த்துக்கேயரைத் துரத்துவதற்கான ஒப்பந்தம் போர்த்துக்கேய மொழியிலேயே எழுதப்பட்டது. இரு பக்கத்துக்கும் பொதுவாகத் தெரிந்த பாஷை அதுதான். பிடிபடும் கோட்டைகளில் ஒல்லாந்தப் படை இருக்கலாம் என்றது மூன்றாம் வாசகம். மன்னன் விரும்பினால் என்ற நிபந்தனை மன்னனிடமிருந்த பிரதியில் இருந்தது. கம்பனியின் ஆசியத் தலைமையிடமான பத்தாவியாவுக்குப் போன பிரதியில் இல்லை. கடல் பொது என்று புத்தகம் போட்ட சனம், கண்டி வேறு ஐரோப்பியரோடு வியாபாரம் செய்யக்கூடாது என்றும் அதே ஒப்பந்தத்தில் எழுதி வாங்கியது. யுத்தச் செலவும் மன்னன் தலையில், கறுவாவாகவும் மிளகாகவும் மெழுகாகவும் யானையாகவும்.

இராசசிங்கனும் ஒன்றும் பச்சைப்பிள்ளை இல்லை. ஒல்லாந்தரை வைத்துப் போர்த்துக்கேயரைக் கலைத்துவிட்டு, பிறகு ஒல்லாந்தரைப் பார்த்துக்கொள்ளலாம் என்பது அவன் கணக்கு. ஒல்லாந்தருக்கும் அதே கணக்கு, ஆள் மட்டும் மாற்றம். காலிக் கோட்டையை 1640இல் பிடித்த வில்லம் கொஸ்டர், கோட்டைகளை ஏன் தரவில்லை என்ற வழக்கைப் பேசக் கண்டிக்குப் போனான். மட்டக்களப்புக்குத் திரும்பும் வழியில், மன்னன் துணைக்கு அனுப்பிய ஆட்களே அவனை முடித்தார்கள். 1641இல் ஒல்லாந்தர் ஐரோப்பாவில் போர்த்துக்கேயரோடு பத்து வருசப் போர்நிறுத்தம் செய்துகொண்டார்கள். எதிரியின் எதிரி என் நண்பன் என்று இருந்த இராசசிங்கன், நண்பனும் எதிரியும் கைகுலுக்குவதைக் கண்டியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தான். கௌடில்யரின் வட்டத்தில் இதற்கு இடம் எது என்று தெரியவில்லை.

போர்நிறுத்தம் முடிந்தபின், 1656இல் கொழும்பு ஒல்லாந்தரிடம் விழுந்தது. உதவிக்கு வந்த மன்னனுக்கு ஒல்லாந்தர் கோட்டைக் கதவைச் சாத்தினார்கள். இஞ்சியைக் கொடுத்து மிளகாய் வாங்கியதுபோல என்று சிங்களச் சனம் பழமொழி சொல்கிறது. மன்னன் கொழும்பைச் சுற்றியிருந்த ஊர்களை வெறுமையாக்கினான். வந்த தூதர்களைத் திருப்பி அனுப்பாமல் வைத்துக்கொண்டான். ஒல்லாந்தரோ 1668இல் மட்டக்களப்பிலும் மறுபடி வந்து குந்திக்கொண்டு, இதெல்லாம் உங்கட கோட்டைகள், உங்கட பேரில் நாங்கள் காவல் இருக்கிறோம் என்று மன்னனுக்குப் பணிவாகக் கடிதம் எழுதிக்கொண்டே இருந்தார்கள். வெஸ்டர்வோல்ட் ஒரு வாசகத்தில் மிச்சம் பிடித்ததை, அவனுக்குப் பின்வந்தவர்கள் காவல் படையிலும் கடிதத்திலும் காணிக்கையிலும் செலவழித்தார்கள். ஒல்லாந்தரைக் கலைக்கக் கண்டி பிறகு ஆங்கிலேயரோடு கதைத்தது. அவர்களும் வந்தார்கள். 1815இல் கண்டியே இல்லாமற் போனது.

இதை வைத்து அறம் வென்றது என்று யாரும் எழுதிவிடக்கூடாது. ஒரு இடத்திலும் வெல்லவில்லை. வாக்குக் காத்தவன் செத்தான், வாசகத்தை விட்டவன் கோட்டை பிடித்தான். ஆனால் நலன் மட்டும் பார்த்து நடந்த கெட்டிக்காரர் ஒவ்வொருவரும், தாங்கள் அற்பம் என்று தள்ளிய ஒன்றிலேயே விழுந்தார்கள். ஊரானின் மாடு, ராணியின் மானம், மன்னனின் விருப்பம் எதுவும் படைபலப் பட்டியலில் வராத சாமான்கள்.

1638இல் கையெழுத்து வைத்தவர்களில் இந்த வாவிக்கரையார் யாரும் இல்லை. 1987 ஜூலை 29இல் ராஜீவ் காந்தியும் ஜயவர்தனவும் இந்திய-இலங்கை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டபோதும் அப்படியே. கூடவே மாற்றிக்கொண்ட கடிதங்களில் திருகோணமலைத் துறைமுகத்துக்கும் எண்ணெய்த் தாங்கிகளுக்கும் இடம் கிடைத்தது. அறம் இல்லாமல் வெளிநாட்டுக் கொள்கை நடத்த முடியாது என்று நான் சொல்லவில்லை. தாராளமாக நடத்தலாம். செலவு கூட, அவ்வளவுதான். அந்தச் செலவைக் கட்டுகிறவன் கையெழுத்து வைத்தவனாக இருப்பதில்லை என்பதால்தான் அவர்களும் தொடர்ந்து நடத்துகிறார்கள்.