அட்டமா சித்தி கைவந்த தண்ணீர் அலுவலகத்திற்கு

எங்கள் குழாய்களுக்கு அதிபதியான தண்ணீர்ச் சித்தர் பெருமக்களே,

போன ஞாயிற்றுக்கிழமை என் மகளைப் பெண் பார்க்கச் சிங்கப்பூர் உட்லண்ட்சிலிருந்து வந்திருந்தார்கள். வாழையிலைச் சாப்பாடு முடிந்து, மாப்பிள்ளையின் அம்மா கை கழுவக் குழாயைத் திறந்தார். குழாய் ஒரு பெருமூச்சு விட்டது, அவ்வளவுதான். நான் கடையில் வாங்கிய போத்தல் தண்ணீரை அவர் கையில் ஊற்ற, “எங்க வீட்டுல ஒருநாளும் நின்னதில்லையேண்ணே” என்றார். அந்நேரம் பார்த்துத் தங்கள் குறுஞ்செய்தி வந்து விழுந்தது: உங்கள் தாமானில் விநியோகம் முழுமையாகச் சீரடைந்துவிட்டது. அதை அவரும் படித்தார். அவர் வீட்டுக் குழாயில் எங்கள் சுங்கை ஜொகூரும் ஓடுகிறது என்று சொல்ல எனக்கு வாய் எழவில்லை.

அன்றிரவு யோசித்தபோதுதான் உண்மை விளங்கியது. தாங்கள் வழங்குவது தண்ணீரே அல்ல. எட்டுச் சித்தியும் கைவந்த மாயத் திரவம். அற்ப மானிடன், அதை வாளியில் பிடிக்க நினைத்தேன்.

முதலாவது அணிமா. விடியற்காலையில் சொட்டாகச் சுருங்கி, மேல்மாடித் தொட்டியை எட்டாமல் மறையும். அடுத்து மகிமா. அதே சொட்டு மாதக் கடைசியில் பில்லில் விசுவரூபம் எடுக்கும். 2024 பிப்ரவரியில் தீபகற்பம் முழுக்க வீட்டுத் தண்ணீர்க் கட்டணம் கன மீட்டருக்குச் சராசரியாக 22 சென் ஏறியபோதே எங்களுக்கு அந்தத் தரிசனம் கிடைத்தது. இலகிமாவால் அது காற்றாகும்; அந்தக் காற்றுக்கும் மீட்டர் பயபக்தியோடு சுற்றும். கரிமாவோ லோரியில் வரும்போதுதான் புலப்படும். மின்தூக்கி கெட்ட அடுக்குமாடியில் நாலாம் மாடிக்கு வாளி சுமக்கும் பாட்டியைக் கேளுங்கள், எடை சொல்வார்.

பிராப்தி என்றால் நினைத்த இடம் சேர்வது. இந்தச் சித்தியை நாடே அறியும். 1962 ஒப்பந்தப்படி நாளொன்றுக்கு 25 கோடி கேலன் வரை பாலம் தாண்டிச் சிங்கப்பூர் போகலாம். ஆயிரம் கேலன் 3 சென். சிங்கப்பூர் நடத்தும் ஆலையில் சுத்தமாகி, அதில் ஒரு சிறு பங்கு ஆயிரம் கேலன் 50 சென்னுக்குத் திரும்பி வரும். 2061 வரை இந்த ரசவாதம் தொடரும். சிங்கப்பூர்க்காரர்கள் மேல் எனக்கு வருத்தமில்லை. லிங்கியூ அணைக்கும் அவர்கள் பணம் போட்டிருக்கிறார்கள். ஆயினும் கடல் தாண்டத் தெரிந்த திரவத்துக்கு மாசாய்ச் சாலையைத் தாண்டத் தெரியவில்லையே என்பதுதான் என் ஆன்மிகச் சந்தேகம்.

பிராகாமியம், விரும்பிய உருவெடுப்பது. சில நாள் அது தே-ஓ நிறத்தில் வரும். சில நாள் ஆற்றில் அமோனியாவாக அவதரிக்கும். செமாங்கார் சுத்திகரிப்பு ஆலையைப் பூட்டுவார்கள், பாதி ஜொகூர் பாரு காயும். இப்போது செடெனாக்கிலும் நூசாஜெயாவிலும் தரவு மையங்களுக்குள் புகுந்து கணினிகளைக் குளிர்விக்கும் தவமும் சேர்ந்திருக்கிறது. கணினிகள் குளிர்கின்றன. நாங்கள் துவாலையோடு நிற்கிறோம்.

இந்த இடத்தில் பகடி எனக்குக் கசக்கிறது. 2019 மார்ச்சில் சுங்கை கிம் கிம்மில் எவனோ ரசாயனக் கழிவைக் கொட்டினான். பாசிர் கூடாங் பள்ளிகளில் பிள்ளைகள் மூச்சுத் திணறி விழுந்தார்கள், 111 பள்ளிகளை மூடினார்கள், ஆயிரக்கணக்கானோர் மருத்துவமனைக்கு ஓடினார்கள். அதற்குப் பிறகும் ஆறுகளில் கழிவு கலப்பது நின்றபாடில்லை. ஆறு கெட்ட பின் ஆலையை மூடுகிறீர்கள், ஆலை மூடிய பின் செய்தி அனுப்புகிறீர்கள், தண்ணீர் வராமலே வந்ததாக எழுதுகிறீர்கள். மழை கொட்டுகிற ஊரில் வாளியோடு வரிசையில் நிற்பது அவமானம். இது மாயமுமில்லை, விதியுமில்லை. வெறும் பொறுப்பின்மை.

மன்னிக்கவும். சித்தர்களைச் சினந்தால் சாபம் வரும். எஞ்சிய இரண்டையும் சொல்லிவிடுகிறேன். ஈசத்துவத்தால் படைத்தல், காத்தல், துண்டித்தல் மூன்றும் தங்கள் கையில். வசித்துவத்தால் இத்தனைக்குப் பிறகும் நாங்கள் தவணை தவறாமல் பணம் கட்டுகிறோம். இதைவிட வேறென்ன வசியம் வேண்டும்?

தங்கள் பாதங்களில் நான்கு விண்ணப்பங்கள். எத்தனை மணி நேரம் வெட்டு என்பதை உள்ளபடி சொல்லுங்கள். லோரி வருமென்றால் வரட்டும். வால்வைத் திறந்த பிறகு ‘சீரடைந்தது’ என்று அனுப்புங்கள். ஆற்றைக் கெடுப்பவன் யார், அவன் மேல் என்ன நடவடிக்கை என்பதைப் பில்லின் பின்பக்கத்தில் அச்சிடுங்கள். அந்தப் பக்கம் காலியாகத்தான் இருக்கிறது.

பணிவுடன்,
மாசாய் வட்டாரத்துச் சந்தாதாரன்
(இம்மாதப் பில் கட்டியாகிவிட்டது)