எடுத்த வெண்ணெயைத் திருப்பிப் போடுவது

எங்கள் சொந்தத்தில் கல்யாணத்துக்குப் பிறகு இளைத்த ஒரே ஆண்பிள்ளை கோயம்புத்தூர் மச்சினர்தான். மற்றவர்களெல்லாம் கல்யாண ஆல்பத்தில் மாலையோடு நிற்பது நாங்கள்தான் என்று பிள்ளைகளிடம் சத்தியம் செய்துகொண்டிருக்கிறோம். இளைத்தவர்கள் சும்மா இளைப்பதில்லை. எப்படி இளைத்தேன் என்பதை, எதிரில் இருப்பவர் இரண்டாவது தோசையைப் பிட்டு வாயில் வைக்கும் நேரமாகப் பார்த்துச் சொல்லவும் செய்வார்கள்.

அவர் திருச்சிக்கு வந்தால், காலையில் என் மனைவி நீட்டும் டபராவை உள்ளங்கையால் தடுத்துவிட்டு, “எனக்கு பட்டர் காபிதாங்க்கா” என்பார். பையிலிருந்து ஊத்துக்குளி வெண்ணெயும் வெளியே வரும். விருந்தாளி வெண்ணெயோடு வருவது நல்ல வழக்கம், அதில் எங்களுக்கு ஆட்சேபணை கிடையாது. அதைக் காபியில் போடச் சொன்னதுதான் குடும்பத்தில் பேச்சாகிவிட்டது.

அம்மாவுக்கு விஷயம் விளங்கச் சற்று நேரம் பிடித்தது. அவர் பாதி ஆயுளை மத்துக் கயிற்றோடு கழித்தவர். “ஏன் தம்பி, நான் கை வலிக்கக் கடைஞ்சு தண்ணியிலேருந்து வெண்ணெயை எடுப்பேன். நீங்க அதைத் திருப்பித் தண்ணியில போட்டுக் கடையறீங்களா?” என்று கேட்டார். மச்சினர் “ஆமாங்க அத்தை” என்றார், பெருமையோடு.

அம்மா சொன்னதில் அறிவியல் பிழை ஏதும் இல்லை. பாலில் கொழுப்பு கண்ணுக்குத் தெரியாத உருண்டைகளாக மிதக்கிறது, ஒவ்வொரு உருண்டையையும் ஒரு மெல்லிய சவ்வு மூடியிருக்கிறது. கடையும்போது சவ்வு கிழிந்து, கொழுப்பு ஒன்றோடொன்று ஒட்டித் திரண்டு மேலே வருகிறது. பட்டர் காபி போடுகிறவர் அந்தத் திரண்ட வெண்ணெயை மறுபடி உடைத்துத் தூளாக்கி மிதக்க விடுகிறார். எருமை, தயிர், மத்து, மாமியார் என்று இத்தனை பேர் சேர்ந்து செய்த வேலையை ஒரு மிக்ஸி அரை நிமிடத்தில் ரத்து செய்துவிடுகிறது.

இந்த யோசனை வந்த வழி சுற்றுவழி. 2004-இல் டேவ் ஆஸ்ப்ரே என்ற அமெரிக்கர் திபெத்தில் கயிலாய மலைப் பக்கம் போயிருக்கிறார். கம்ப்யூட்டர் துறைக்காரர். குளிரில் விறைத்துப் போனவருக்கு யாக் வெண்ணெயும் உப்பும் போட்ட தேநீரைக் கொடுத்திருக்கிறார்கள். குடித்ததும் தெம்பு வந்திருக்கிறது. ஊருக்குத் திரும்பியவர் தேநீரைக் காபியாக்கி, யாக்கைப் புல் மேய்ந்த பசுவாக்கி, தேங்காயிலிருந்து பிரிக்கும் எம்சிடி எண்ணெயையும் சேர்த்து 2009-இல் செய்முறையை வெளியிட்டார். பெயர், ‘புல்லட்புரூஃப் காபி’. நம்மவர்கள் கயிலாயம் போனால் கூழாங்கல்லும் தீர்த்தமும் கொண்டுவந்து தெருவுக்கெல்லாம் கொடுப்பார்கள். அவர் ஒரு கம்பெனியைக் கொண்டுவந்தார்.

திபெத்தியர்களுக்கு அந்தத் தேநீர் அவசியம். லாசா கடல்மட்டத்துக்கு 3,600 மீட்டருக்கு மேல் இருக்கிறது, குளிருக்குக் கொழுப்பு வேண்டும். எங்கள் ஊரில் மலைக்கோட்டை உச்சியில் ஏறி நின்றாலும் தரையிலிருந்து 83 மீட்டர்தான், அதுவும் மே மாதத்தில் வெண்ணெய் தானாகவே உருகிவிடும். ஆனாலும் தமிழ்நாட்டுக்கு வெண்ணெய்க் காபியும் டீயும் வந்து சேர்ந்தன. நியாண்டர் செல்வன் எழுதி எழுதிப் பரப்பிய பேலியோ உணவுமுறையோடு வந்தவை அவை. இட்லியைத் துறந்து நூறு பாதாம் எண்ணுகிறவர்கள் அப்போதுதான் தெருவுக்கு ஒருவராக முளைத்தார்கள்.

பேலியோ என்றால் ஆதிமனிதன் சாப்பாடு என்று மச்சினர் சொல்லக் கேட்ட நாளிலிருந்து எனக்கு ஒரு சந்தேகம். மாட்டைப் பழக்கியே பத்தாயிரம் ஆண்டுதான் ஆகிறது என்கிறார்கள். அதற்கு முந்தைய ஆள் மாட்டைக் கண்டால் ஈட்டியை ஓங்கியிருப்பான், சொம்பை எடுத்துக்கொண்டு மடியடியில் உட்கார்ந்திருக்க மாட்டான். காபி நம் பக்கம் வந்தது அதற்கும் வெகுகாலம் கழித்து, பாபா புதான் சிக்மகளூர் மலைக்குக் கொட்டை கொண்டுவந்த கதைக்குப் பிறகு. ஆகவே வெண்ணெயும் இல்லை, காபியும் இல்லை, மிக்ஸிக்குக் கரண்டும் இல்லை. “தத்துவம்தான் மாமா முக்கியம்” என்றார் மச்சினர்.

சரி, தத்துவம் இருக்கட்டும். போடுவது எப்படி?

முதலில் நமக்குக் கைவந்த கலை எதுவும் இதில் பலிக்காது என்று தெரிந்துகொள்ள வேண்டும். கரண்டியால் கலக்கினால் ரசத்தில் மிதக்கும் நெய் மாதிரி வட்டம் வட்டமாக மேலே வந்து நிற்கும். டபராவிலும் டம்ளரிலும் ஒரு முழ உயரத்துக்கு ஆற்றினால் நுரை வரும், வெண்ணெய் கலக்காது. முதல் மடக்கில் முழு வெண்ணெயும் மீசைக்குப் போய்விடும், மிச்சம் கறுப்புக் காபி. வேகமாகச் சுழலும் கத்தி கட்டாயம் வேண்டும்.

சிக்கரி கலக்காத பொடியில் இறக்கிய டிகாக்ஷன் நல்லது. பாலும் சர்க்கரையும் இல்லாத இடத்தில் சிக்கரியின் கசப்பு தனியாக நின்று நம்மைப் பார்க்கும். கெட்டி டிகாக்ஷன் ஒரு பங்கு, வெந்நீர் இரண்டு பங்கு. ஒரு ஆளுக்கு 15 கிராம் வெண்ணெய், அதாவது ஒரு மேஜைக்கரண்டி. ரொட்டிக்குத் தடவும் மஞ்சள் வெண்ணெயில் உப்பு இருக்கும், திபெத்துக்காரர் வீட்டுக்கு வரும் நாளில் அதை எடுக்கலாம். மற்ற நாளில் உப்பில்லாத வெள்ளை வெண்ணெய்தான். அதுவும் புதிதாக இருக்க வேண்டும். புளித்த வாடை வந்தால் குளிர்ந்த தண்ணீரில் நாலைந்து தடவை கழுவிவிட்டுப் போட வேண்டும். நெய்யை ஊற்றலாமே என்று அம்மா கேட்டார். வெண்ணெயில் கொழுப்பு 80 சதவீதத்துக்குச் சற்று மேலே, மீதி தண்ணீரும் துளி பால் புரதமும். அந்தத் துளிதான் கொழுப்பைப் பிரியாமல் பிடித்துவைக்கிறது. நெய்யில் அது இல்லாததால் சீக்கிரம் மேலே மிதக்கும், காபியில் பொங்கல் வாசனையும் அடிக்கும். எம்சிடி எண்ணெய்க்குப் பதில் தேங்காய் எண்ணெய் விட்டுக்கொள்வோரும் உண்டு. அம்மா அந்தப் பாட்டிலை எடுத்துத் தலைமாட்டில் வைத்துக்கொண்டதால் எங்கள் வீட்டில் அந்தப் பேச்சு மேலே போகவில்லை.

இனி மிக்ஸி. கொதிக்கக் கொதிக்க ஊற்றி மூடினால் உள்ளே அடைபட்ட ஆவி விரிந்து மூடியைத் தள்ளும். மச்சினர் இதைச் செயல்முறையாகவே விளக்கினார். மூடி மேலே போயிற்று, காபி அதற்குத் துணைக்குப் போயிற்று. சுவரில் தொங்கிய தினசரிக் காலண்டரில் அன்றைய ராசிபலன் முழுக்க நனைந்துவிட்டது. மச்சினரின் ராசிக்கு என்ன போட்டிருந்தது என்று கடைசிவரை பார்க்க முடியவில்லை. பெரிய ஜாரை எடுங்கள், பாதிக்குக் கீழே ஊற்றுங்கள், சூடு கொஞ்சம் அடங்கட்டும். துணியை மடித்து மூடியை அழுத்திக்கொண்டு முதலில் விட்டு விட்டு ஓட்டி, பிறகு அரை நிமிடம் அடித்தால் போதும். உயரமான பாத்திரத்தில் கையால் பிடித்து அடிக்கும் பிளெண்டர் இருந்தால் காலண்டருக்கு இன்னும் பாதுகாப்பு. ஆறவிட்டு அடித்தால் வெண்ணெய் உறைந்து சிறுமணியாகக் கட்டிக்கொள்ளும்.

அடித்து ஊற்றியதைப் பார்த்தால் ஒரு நிமிடம் கண்ணை நம்ப முடியாது. கறுப்பு போய், கும்பகோணம் டிகிரி காபி நிறத்தில், மேலே மெல்லிய நுரையோடு வந்து நிற்கும். பொடிந்த கொழுப்பில் வெளிச்சம் பட்டுச் சிதறுவதால் வரும் நிறம் அது. பால் வெள்ளையாகத் தெரிவதற்கும் பெரும்பங்கு அதே காரணம்தான். ருசியும் மோசமில்லை. நாக்கில் மெத்தென்று படிகிறது, டிகாக்ஷனின் கசப்பு மழுங்கிவிடுகிறது. உடனே குடித்துவிட வேண்டும், போன் வந்தது என்று போய் வந்தால் பிரிந்திருக்கும்.

குடித்து முடித்ததும் என் மனைவி ஒரு கணக்குப் போட்டாள். ஆவின் ஆரஞ்சு பாக்கெட் பாலில் கொழுப்பு 6 சதவீதம். 200 மில்லி பாலில் 12 கிராம். 15 கிராம் வெண்ணெயிலும் கிட்டத்தட்ட அதே 12 கிராம். “அப்ப ஒரு டம்ளர் பாலிலிருந்து சர்க்கரையையும் புரதத்தையும் எடுத்துட்டுக் குடிக்கிறே, அவ்வளவுதானேடா?” என்று தம்பியைக் கேட்டாள். மச்சினர் யோசித்துவிட்டு, அந்தப் பால் சர்க்கரையை விடுவதுதான் நோக்கமே என்றார். நியாயம்தான். ஆனால் காலைப் பலகாரத்துக்குப் பதிலாகக் குடிக்க வேண்டியது அது. ஆஸ்ப்ரே பாணியில் இரண்டு கரண்டி வெண்ணெயும் ஒரு கரண்டி எண்ணெயும் விட்டால் 300 கலோரியைத் தாண்டும், நாலு இட்லிக்கு மேலேயே வரும். அதையும் குடித்துவிட்டு இட்லியையும் சாப்பிடுகிறவர் எதற்காகக் குடிக்கிறார் என்று அவரைத்தான் கேட்க வேண்டும். கொலஸ்ட்ரால் மாத்திரை போடுகிறவர்கள் மருத்துவரையும் கேட்க வேண்டும்.

என் தீர்ப்பு இது. பலகாரம் செய்ய ஆளோ மனமோ இல்லாத காலையில் பட்டர் காபி தாராளமாகப் போடலாம். இட்லி வெந்துகொண்டிருக்கும் வீட்டில் அதற்கு வேலையில்லை. போடுகிறவர்கள் குடித்த கையோடு ஜாரை வெந்நீரும் சோப்பும் விட்டுக் கழுவி, ரப்பர் வளையத்தையும் கழற்றித் தேய்த்து வைத்துவிடுங்கள். மறுநாள் அதே ஜாரில்தான் தேங்காய்ச் சட்னி அரைப்பார்கள்.