கல்லீரல் கொடுக்கும், தசை கொடுக்காது

கே: ராத்திரி ஒரு இட்லிகூடத் தொடவில்லை. தண்ணீரைக் குடித்துவிட்டுப் படுத்தேன். காலையில் வெறும் வயிற்றில் சுகர் 148! லேப்காரர் மேல் கேஸ் போடலாமா?
(சர்க்கரைக்காரர், திருச்சி)

ப: லேப்காரரை விட்டுவிடுங்கள். ஆள் உங்கள் வலது விலாவுக்கு உள்ளேயே இருக்கிறார், பெயர் கல்லீரல். நீங்கள் தூங்கினாலும் மூளை தூங்குவதில்லை. அதற்கு ஒரு நாளைக்குச் சுமார் 120 கிராம் குளுக்கோஸ் வேண்டும், அதாவது மணிக்கு 5 கிராம். உடம்பில் ஓடுகிற ரத்தம் அத்தனையிலும் கரைந்திருப்பதே ஏறக்குறைய அந்த 5 கிராம்தான், ஒரு டீஸ்பூன்! அதனால் ராத்திரி முழுக்கக் கல்லீரல் தன் சேமிப்பான கிளைகோஜனை உடைத்துக் குளுக்கோஸாக ரத்தத்தில் விடுகிறது. போதாததற்குப் புதிதாகவும் தயாரிக்கிறது. 'போதும், நிறுத்து' என்று அதட்ட வேண்டியவர் இன்சுலின். சர்க்கரை நோயில் அந்த அதட்டல் எடுபடுவதில்லை. விடியற்காலையில் கார்ட்டிசால் மாதிரி சில ஹார்மோன்கள் வேறு எட்டிப் பார்த்து 'இன்னும் கொஞ்சம்' என்கின்றன. ஆக, அந்த 148 நேற்றைய சாப்பாடு இல்லை, சொந்தத் தயாரிப்பு. ஒன்று மட்டும் கண்டிப்பாகச் சொல்கிறேன்: மாத்திரையோ இன்சுலினோ எடுத்துக்கொண்டு பட்டினியாகப் படுக்காதீர்கள். நடு ராத்திரியில் சுகர் தாழ்ந்தால் வேர்த்துக் கொட்டும், கை நடுங்கும், சிலருக்கு நினைவே தப்பும். அளவாகச் சாப்பிட்டுவிட்டு, இந்தச் சீட்டை டாக்டரிடம் காட்டுங்கள்.

கே: நொதி என்றால் என்ன? ஒரே வரியில்.
(பிளஸ் டூ மாணவி, விருதுநகர்)

ப: கல்யாணத் தரகர். ஊரையே ஜோடி சேர்ப்பார், சில தரகர்கள் பிரித்தும் வைப்பார்கள், தான் மட்டும் எதிலும் கட்டுப்படாமல் அடுத்த வீட்டுக்குப் போய்விடுவார். (பரீட்சையில் இதை எழுதி மார்க் போனால் நான் பொறுப்பில்லை.)

கே: சர்க்கரையைச் சர்க்கரையாகவே வைத்துக்கொள்ளாமல் கிளைகோஜன் என்று எதற்குக் கட்டி வைக்க வேண்டும்?
(கோவில்பட்டி)

ப: வெல்லத்தைத் தட்டில் வைத்துவிட்டு மழைக்காலத்தில் இரண்டு நாள் கழித்துப் பாருங்கள், தண்ணீர் விட்டிருக்கும். செல்லுக்கும் அந்தப் பயம்தான். ஆயிரக்கணக்கான குளுக்கோஸ் மூலக்கூறுகள் தனித்தனியாகக் கரைந்து கிடந்தால், சுற்றியுள்ள தண்ணீரையெல்லாம் உள்ளே இழுத்துச் செல்லை வீங்க வைத்துவிடும். கோத்துக் கட்டிவிட்டால் அத்தனையும் சேர்ந்து ஒரே உருண்டை என்ற கணக்குதான். நடுவில் கிளைகோஜெனின் என்ற புரதம் உட்கார்ந்திருக்கும். முதல் சில குளுக்கோஸைத் தன் மேலேயே ஒட்ட வைத்துக்கொள்வது அதுதான். அதன் மேல் கிளை, கிளைக்குள் கிளை என்று ஒரு உருண்டையில் பல ஆயிரம் குளுக்கோஸ் சேரும்.

கிளை எதற்கு? உடைக்கிற நொதி நுனியிலிருந்துதான் கடிக்கும், நடுவில் கை வைக்காது. ஒரே வாசல் உள்ள கல்யாண மண்டபத்தில் பந்தி முடிந்து கூட்டம் வெளியே வர எவ்வளவு நேரமாகும்! அதே மண்டபத்துக்கு ஐம்பது வாசல் இருந்தால்? கிளைகோஜனில் சுமார் 8 முதல் 12 குளுக்கோஸுக்கு ஒரு கிளை. அரிசி, உருளைக்கிழங்கின் மாவுச்சத்தில் கிளைகள் இவ்வளவு நெருக்கமில்லை. நெல்மணிக்கு யாரும் துரத்துகிறார்கள் என்ற அவசரம் கிடையாது.

கே: கையிருப்பு எவ்வளவு?
(ஓய்வுபெற்ற வங்கிக் காசாளர், கும்பகோணம்)

ப: கேட்ட ஆளைப் பார்த்தாலே தெரிகிறது. கல்லீரலில் சுமார் 100 கிராம், தசைகளில் எல்லாமாகச் சேர்த்து 400 கிராம் வாக்கில். ஒவ்வொரு கிராமோடும் சுமார் 3 கிராம் தண்ணீர் ஒட்டிக்கொண்டிருக்கும். சோற்றை நிறுத்திய முதல் வாரத்தில் 2 கிலோ இறங்கியது என்று நண்பர் துள்ளிக் குதித்தால், அதில் பெரும்பங்கு இந்தத் தண்ணீர்தான். தொப்பை அங்கேயேதான் இருக்கிறது. அடுத்த பிரியாணியில் தண்ணீரும் திரும்பி வந்துவிடும்.

கே: தசையில் 400 கிராம் இருக்கும்போது மூளை பசித்துக் கிடந்தால் கொஞ்சம் தள்ளிவிடாதா? என்ன கஞ்சத்தனம்!
(ஈரோடு)

ப: மனசு இருந்தாலும் தசையால் கொடுக்க முடியாது. உடைந்து வரும் குளுக்கோஸின் முதுகில் ஒரு பாஸ்பேட் ஒட்டிக்கொண்டிருக்கும். அது இருக்கும்வரை செல்லின் வாசலைத் தாண்ட முடியாது. ஜவுளிக்கடையில் பில் போடாத சட்டையில் ஒரு பட்டனைக் குத்தியிருப்பார்களே, அந்த மாதிரி. அதைக் கழற்றும் நொதிக்கு குளுக்கோஸ்-6-பாஸ்பட்டேஸ் என்று பெயர். கல்லீரலில் அது உண்டு, தசையில் கிடையாது. கல்லீரல் ஊருக்கே அன்னதானம் செய்யும். தசை தன் வீட்டு உலைக்கு மட்டும்.

ஆனாலும் முழுக் கஞ்சன் என்று சொல்ல மாட்டேன். வேகமாக ஓடும்போது தசையில் லாக்டிக் அமிலம் சேர்கிறது. அது ரத்தத்தில் ஏறிக் கல்லீரலுக்குப் போய், அங்கே மறுபடி குளுக்கோஸாகிறது. இதைக் கண்டுபிடித்த கோரி தம்பதியின் பெயரால் கோரி சுழற்சி என்பார்கள்.

கே: கட்டுகிற நொதி, உடைக்கிற நொதி இரண்டும் ஒரே செல்லுக்குள்ளேயே குடியிருக்கின்றனவாமே. அடிதடி வராதா?
(மதுரை)

ப: வந்தால் செல் திவால். மொட்டை மாடித் தொட்டியில் மோட்டார் போட்டுத் தண்ணீர் ஏற்றிக்கொண்டே கீழே எல்லாக் குழாயையும் திறந்துவிட்டால் கரண்ட் பில்தான் மிச்சம். ஒவ்வொரு குளுக்கோஸைக் கட்டுவதற்கும் செல் ஆற்றலைச் செலவழிக்கிறது.

உடைப்பவர் பாஸ்பாரிலேஸ், கட்டுபவர் கிளைகோஜன் சிந்தேஸ். இரண்டு பேருக்கும் ஒரே அடையாளம்: மேலே ஒட்டும் பாஸ்பேட். அது ஒட்டினால் பாஸ்பாரிலேஸ் விழித்துக்கொள்ளும், சிந்தேஸ் தூங்கிவிடும். ராத்திரி பத்து மணிக்கு ஒரே டிகாக்‌ஷனில் போட்ட காபி: மருமகன் கொட்டக் கொட்ட விழித்திருப்பார், மாமனார் குடித்த கையோடு குறட்டை விடுவார். அதேதான். பாஸ்பாரிலேஸில் 800-க்கு மேற்பட்ட அமினோ அமிலங்கள் கோத்திருக்கின்றன. பாஸ்பேட் ஒட்டுவது அதில் 14-ஆவது இடத்தில், ஒரே ஒரு செரீன் மேல். அந்தப் பொட்டு விழுந்ததும் முழுப் புரதமும் நெளிந்து நிமிர்கிறது.

பொட்டு வைப்பது யார்? சர்க்கரை குறைந்தால் கணையம் குளுக்ககானை அனுப்பும். அது கல்லீரல் செல்லின் வெளிக்கதவைத் தட்டும், உள்ளே வராது. தட்டிய சத்தத்தில் உள்ளே சைக்ளிக் ஏஎம்பி என்ற சின்ன மூலக்கூறு பெருகும். (இதைக் கண்டுபிடித்த ஏர்ல் சதர்லாந்துக்கு 1971-ல் நோபல்.) அது ஒரு நொதியை எழுப்ப, அது இன்னொன்றை எழுப்ப, அது பாஸ்பாரிலேஸை எழுப்ப... ஊரில் வதந்தி பரவுகிற மாதிரிதான்: ஒருவர் பத்துப் பேரிடம் சொல்ல, பத்துப் பேர் நூறு பேரிடம். சாப்பிட்டு முடித்ததும் இன்சுலின் வரும். அதன் ஆள், பாஸ்பட்டேஸ் என்ற நொதி, வைத்த பொட்டையெல்லாம் அழித்துக்கொண்டே போகும். அழித்ததும் பாஸ்பாரிலேஸ் படுக்கும், சிந்தேஸ் எழுந்து கொத்து வேலையைத் தொடங்கும்.

கே: ஆட்டு ஈரல் வறுவல் லேசாகத் தித்திக்கிறது. மனைவி சர்க்கரை போடவில்லை என்று சத்தியம் செய்கிறார். நம்பலாமா?
(நாமக்கல்)

ப: நம்புங்கள், சாட்சிக்கு பிரெஞ்சு விஞ்ஞானி கிளாத் பெர்னார்டையே கூப்பிடுகிறேன். 1855, பாரிஸ். ஒரு நாயின் கல்லீரலை எடுத்து, அதன் ரத்தக்குழாய் வழியாகத் தண்ணீரை விட்டு விட்டுக் கழுவினார், துளி சர்க்கரைகூட இல்லை என்று சோதனையில் தெரியும்வரை. அப்படியே வைத்துவிட்டுப் போனார். மறுநாள் பார்த்தால் அதே கல்லீரலில் நிறையச் சர்க்கரை! நாயும் இல்லை, சாப்பாடும் இல்லை, ரத்தமும் இல்லை. அப்படியென்றால் சர்க்கரையாக மாறக்கூடிய ஏதோ ஒன்று உள்ளேயே இருக்கிறது. 1857-ல் அதைப் பிரித்தெடுத்து கிளைகோஜன் என்றார். ஆடு போன பிறகும் அதன் நொதிகள் கொஞ்ச நேரம் டியூட்டி பார்க்கின்றன. வீட்டுக்காரம்மாவிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டு இன்னொரு கரண்டி வாங்கிக்கொள்ளுங்கள்.

கே: கணவன், மனைவி ஒரே ஆபீசில் வேலை பார்க்கலாமா?
(புதுமணப்பெண், சேலம்)

ப: கார்ல் கோரியிடமும் கெர்ட்டி கோரியிடமும் கேட்டிருக்க வேண்டும். இரண்டு பேரும் 1896-ல் பிராகில் பிறந்தவர்கள், 1922-ல் அமெரிக்கா போனவர்கள். மனைவியோடு சேர்ந்து ஆராய்ச்சி செய்தால் உங்கள் முன்னேற்றம் கெடும் என்று கார்லுக்கு உபதேசம் செய்தார்கள். அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. 1931-ல் செயின்ட் லூயிஸில் அவருக்குத் துறைத் தலைவர் பதவி. அவருக்குச் சமமாக உழைத்த கெர்ட்டிக்கு ஆராய்ச்சி உதவியாளர் வேலை, சொற்பச் சம்பளம். பாஸ்பாரிலேஸைப் பிடித்தது இந்த ஜோடிதான். கெர்ட்டியைப் பேராசிரியர் ஆக்கியது 1947-ல். அதே ஆண்டு இருவருக்கும் நோபல், அர்ஜென்டினாவின் பெர்னார்டோ ஊசேயோடு பங்கிட்டு. பல்கலைக்கழகம் ஒருவழியாக முந்திக்கொண்டது என்று வைத்துக்கொள்வோம்.

ஒரு வேடிக்கை: சோதனைக் குழாயில் பாஸ்பாரிலேஸ் கட்டவும் செய்தது. அதனால் இரண்டு வேலையும் அதுவேதான் என்று கொஞ்ச காலம் நம்பினார்கள். அர்ஜென்டினாவின் லூயிஸ் லெலோயர்தான், கட்டுவதற்கு உடம்பில் தனிப் பாதையே இருக்கிறது என்று காட்டினார். அவருக்கு நோபல் 1970-ல்.

கே: விஞ்ஞானத்தில் சோம்பேறித்தனம் பலன் தந்ததுண்டா?
(தென்காசி)

ப: சோம்பல் என்று சொல்ல மாட்டேன், சிக்கனம் என்று சொல்லலாம். 1950-களில் சியாட்டிலில் எட்மண்ட் ஃபிஷரும் எட்வின் கிரெப்ஸும் முயல் தசையை அரைத்துப் பாஸ்பாரிலேஸ் எடுத்தார்கள். கோரி தம்பதியின் செய்முறையே, ஒரு மாற்றம் மட்டும்: வடிதாளில் வடிகட்டாமல் இயந்திரத்தில் சுழற்றித் தெளிய வைத்தார்கள். கிடைத்ததெல்லாம் தூங்குமூஞ்சி நொதி! பழையபடி வடிதாளில் ஊற்றினால் விழித்த நொதி வருகிறது. தாளில் என்ன மந்திரம்? தாளிலிருந்து கசிந்த கால்சியம். அந்தக் கால்சியம் இன்னொரு நொதியை உசுப்ப, அது பாஸ்பாரிலேஸுக்குப் பொட்டு வைத்திருக்கிறது. பொட்டு வைப்பதும் அழிப்பதும் உயிர்களின் பொது மொழி என்ற பெரிய விஷயம் இங்கிருந்துதான் கிளம்பியது. 1992-ல் நோபல்.

கால்சியத்துக்கு அங்கே என்ன வேலை என்கிறீர்களா? தசையைச் சுருங்கச் சொல்லும் சமிக்ஞையே கால்சியம்தான். தெருநாய் துரத்துகிறது, கால் தசை சுருங்குகிறது, அதே கால்சியம் கிடங்கையும் திறந்துவிடுகிறது. தனியாக மனுப்போட வேண்டாம். தசை குளுக்ககானின் பேச்சைக் கேட்காது. பயத்தில் சுரக்கும் அட்ரினலின் தட்டினாலும் திறக்கும்.

கே: வெறும் வயிற்றில் சரக்கடித்தால்?
(பெயர் வேண்டாமாம்)

ப: ஒரு நாள் சாப்பிடாவிட்டாலே கல்லீரல் கிடங்கு கிட்டத்தட்டக் காலி. புதுச் சர்க்கரை தயாரிப்பதைச் சாராயம் தடுத்துவிடும். இரண்டு வழியும் அடைபட்டால் சுகர் சரேலென்று இறங்கும். விழுந்து கிடப்பவரைப் 'போதையில் கிடக்கிறான்' என்று தாண்டிப் போய்விடுவார்கள். அதுதான் பயங்கரம்.

கே: தூங்கும் குழந்தையை நடு ராத்திரி எழுப்பிப் பச்சை மாவைக் கரைத்துக் கொடுக்கச் சொல்கிறார் ஒரு டாக்டர். நாட்டு வைத்தியமா?
(கோவை)

ப: இல்லை, நல்ல உயிர்வேதியியல். மேலே சொன்னேனே, பாஸ்பேட் பட்டனைக் கழற்றும் நொதி, சில குழந்தைகளுக்குப் பிறவியிலேயே அது வேலை செய்யாது. வான் கியர்க்கே நோய் என்பார்கள். கல்லீரல் கிளைகோஜனால் நிரம்பி வயிறு உப்பியிருக்கும், ரத்தத்திலோ சர்க்கரை இருக்காது. உள்ளே குதிர் நிறைய நெல், கதவுக்குச் சாவி இல்லை. பால் குடித்து மூன்று, நான்கு மணி நேரம் ஆனாலே சுகர் இறங்கிவிடும்.

1980-களில் கண்டுபிடித்த எளிய வழி, கடையில் கார்ன் ஃப்ளோர் என்று தருகிறார்களே, அந்த வெள்ளை மாவு. காய்ச்சக் கூடாது. காய்ச்சினால் சீக்கிரம் செரித்துவிடும். பச்சையாகத் தண்ணீரில் கரைத்தால் குடலில் மெல்ல மெல்லப் பிரிந்து, சில மணி நேரத்துக்குக் குளுக்கோஸ் விட்டுக்கொண்டே இருக்கும். அளவை டாக்டர்தான் சொல்ல வேண்டும், குழந்தையின் எடைக்குத் தகுந்தபடி. சுடுதண்ணீரில் மட்டும் கரைத்துவிடாதீர்கள். கலக்கிய கையோடு கொடுத்துவிடுங்கள், கொஞ்சம் தாமதித்தாலும் மாவு அடியில் தங்கிவிடும். கடைசி வாய்க்கு முன்னால் டம்ளரை ஒரு சுழற்று சுழற்றுங்கள்.