பிரதம அதிதிக்குப் பஸ் தேவையில்லை

சுற்றுப்போட்டிப் போஸ்டரை முதலில் பார்த்துவிடுவோம். உச்சியில் பிரதம அதிதி, கைகட்டிய படம். அவருக்குக் கீழே கௌரவ அதிதிகள் மூன்று பேர். அதற்கும் கீழே விசேட அதிதிகள் ஐந்து பேர், அதில் ஒருவர் கறுப்புக் கண்ணாடி. பிறகு அனுசரணையாளர்கள்: சீமெந்துக் கடை, நகைக் கடை, போன் கடை. எல்லோருக்கும் இடம் கொடுத்து முடிந்து, மிச்சம் கிடந்த ஒரு விரற்கடையில் எறும்பு எழுத்தில் "ஆரம்பம் இரவு 7.30". ஆட்டம் எப்போது முடியும் என்று எங்கள் ஊர்ப் போஸ்டர் எதுவும் சொன்னதில்லை. முடிந்த பிறகு பிள்ளைகள் எப்படி வீடு போவார்கள் என்றும் சொன்னதில்லை. அந்த ஒன்பது முகங்களில் ஒன்றாவது கடைசியாக எப்போது பஸ்ஸில் ஏறியிருக்கும் என்று யோசித்துப் பார்த்தேன். நினைவுக்கு எதுவும் வரவில்லை.

கல்முனைக் கரையில் ராவு விளையாட்டு புதிய சங்கதி இல்லை. சந்தாங்கேணி மைதானத்தில் உதைபந்து, சாய்ந்தமருதில் மென்பந்துக் கிரிக்கெட், நிந்தவூரில் கபடி. நோன்பு மாதத்தில் தராவீஹ் முடிந்த கையோடு பந்தைத் தூக்குகிற ஊர்கள் இவை. "மின்னொளியில் மாபெரும் சுற்றுப்போட்டி" என்று ஒலிபெருக்கி கட்டிய ஆட்டோ போனால் அந்தக் கிழமை முழுக்கப் பேச்சு அதுதான். இப்போது பப்ஜியும் ஃப்ரீ ஃபயரும் சேர்ந்துவிட்டன. போனில் விளையாடுவதெல்லாம் விளையாட்டா என்று முறைக்கிற பெரியவர்களுக்கு ஒரு தகவல்: 2023இல் சீனாவின் ஹாங்சோவில் நடந்த ஆசிய விளையாட்டு விழாவில் இந்த வகைக்கு ஏழு தங்கப் பதக்கங்கள் வைத்திருந்தார்கள். பப்ஜியும் அதில் ஒன்று.

என் மருமகன், தங்கச்சியின் மூத்தவன், பதினேழு வயது, இந்தப் பைத்தியம். கல்முனையில் ஒரு மண்டபத்தில் போட்டி, பதினாறு அணிகள், அணிக்கு நான்கு பேர். "மாமா, நீங்க வந்தாத்தான் உம்மா விடுவா" என்றான். போனேன்.

பிள்ளைகள் ஏழு மணிக்கே வந்து சார்ஜரைக் குத்திக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்கள். பிரதம அதிதி ஒன்பதரைக்கு வந்தார். கிராஅத், வரவேற்புரை, பொன்னாடை, தலைமையுரை, கௌரவ அதிதி உரை, விசேட அதிதி உரை, மறுபடி ஒரு பொன்னாடை. பிரதம அதிதி ஒலிவாங்கியைப் பிடித்து, இளைஞர்கள்தான் இந்தச் சமூகத்தின் முதுகெலும்பு என்றார். மைதானத்தில் வியர்வை சிந்தி விளையாடுவதால் உடல் ஆரோக்கியம் பெறும் என்றார். குளிரூட்டிய மண்டபத்தில் உட்கார்ந்து போனைப் பிடித்திருந்த அறுபத்து நான்கு பிள்ளைகளும் கைதட்டினார்கள். பிறகு அவர் வாகனத்தில் ஏறினார், அது கிளம்பியது, ஆட்டம் அப்போதுதான் தொடங்கியது. கடைசிச் சுற்று முடிய இரவு 11.50.

அந்த முதுகெலும்பு நள்ளிரவில் பஸ் தரிப்பிடச் சீமெந்துப் பெஞ்சில் வளைந்து கிடந்ததை அவர் பார்க்கவில்லை. நான் பார்த்தேன்.

பப்ஜி விளையாடாதவர்களுக்குச் சொல்கிறேன். அதில் எரங்கல் என்று ஒரு தீவு. எட்டுக் கிலோமீற்றர் நீளம், எட்டுக் கிலோமீற்றர் அகலம். நூறு பேரை விமானத்தில் கொண்டுபோய் இறக்குவார்கள். வீதிக்கு வீதி ஜீப்பும் மோட்டார் சைக்கிளும் சும்மா நிற்கும், ஏறி ஓட்ட வேண்டியதுதான். யுத்த பூமி என்றாலும் போக்குவரத்துக்குக் குறையில்லை. கல்முனையிலிருந்து நிந்தவூரும் எட்டுக் கிலோமீற்றர் சொச்சம்தான். எங்கள் வீதியில் சும்மா நிற்பது கட்டாக்காலி மாடுகள் மட்டும். பகல் வெயிலில் தார் குடித்த சூடு இதமாக இருக்கிறதோ என்னவோ, நடுவீதியில் படுத்து அசை போடும். பஸ் தரிப்பிடத்துக் கூரையின் கீழேயும் இரண்டு படுத்திருந்தன. அவற்றுக்காவது எந்தப் பஸ்ஸும் வராது என்று தெரிந்திருந்தது.

ஆட்டோக்காரத் தம்பி ஒருவர் வந்தார். நிந்தவூருக்கு ஆயிரத்தைந்நூறு கேட்டார். பகலில் கேட்பதைவிட ஐந்நூறு கூட. அவரைக் குறை சொல்ல மாட்டேன். பெற்றோல் விலை அவருக்கும் அதே விலை, திரும்பி வர அவருக்கு ஆள் கிடைக்காது. சிக்கல் வேறு. அணிக்கு நான்கு பேர், ஆட்டோவில் சட்டப்படி மூன்று பேர். நாலாவது பிள்ளை யார் வீட்டுப் பிள்ளை? மூன்றாம் இடம் வந்த சம்மாந்துறைப் பொடியன்கள் பரிசுக் காசை எண்ணி ஆட்டோவுக்கு வைத்துவிட்டு மிச்சத்துக்குக் கொத்து ரொட்டி வாங்கினார்கள். நான்கு பேருக்கு ஒரு பார்சல்.

மற்றவர்கள் பைக்கில் மூன்று பேராக நெருக்கிக்கொண்டு போனார்கள். அவர்களை எதிர்பார்த்துச் சந்தியில் பொலிஸ் நின்றது. இந்தக் கரையில் இரவுச் சேவை இல்லை என்று யாரும் சொல்லக்கூடாது. பிடிப்பதற்கு இரவுச் சேவை உண்டு. ஏற்றிப் போவதற்குத்தான் இல்லை.

பஸ்ஸே இல்லை என்பதும் பொய்தான். ராவானால் கொழும்புக்குப் போகும் சொகுசு பஸ்கள் நீல விளக்கும் திரைச்சீலையுமாக இந்த வீதியால்தான் போகின்றன. முந்நூற்று ஐம்பது கிலோமீற்றருக்கு அப்பால் போக வேண்டுமென்றால் சாய்ந்துகொள்ளும் இருக்கை, குளிரூட்டி, தண்ணீர்ப் போத்தல். எட்டுக் கிலோமீற்றர் போக வேண்டுமென்றால் செருப்பு. பகலில் இதே வீதியில் அரச பஸ்ஸும் தனியார் பஸ்ஸும் ஒரு பயணிக்காக ஒன்றை ஒன்று முந்தி உரசி, கொண்டக்டர்மார் இறங்கி நின்று ஒருவர் உம்மாவை ஒருவர் கூப்பிடுகிற அளவுக்குச் சண்டை. இணைந்த நேர அட்டவணை வேண்டும் என்று வேலைநிறுத்தம்கூட வரும். மஃரிபு பாங்கு சொன்னால் சண்டை தணியும். இஷாவுக்குப் பிறகு முழுச் சமாதானம். இரு தரப்பும் ஒருமனதாக ஓடாமல் விடுகிற ஒரே அட்டவணை அதுதான்.

போக்குவரத்து அலுவலகம் ஒன்றுக்குத் தொலைபேசி எடுத்துக் கேட்டேன். அங்கிருந்த அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். "ராவைக்குப் பயணிகள் இல்லையே சேர், ஆய்வு செய்து பார்த்தம்" என்றார். எப்படி ஆய்வு? பஸ் ஓடாத நேரத்தில் தரிப்பிடத்தைப் பார்த்திருக்கிறார்கள், அங்கே ஆள் இல்லை. கடையைப் பூட்டிவிட்டு வெளியே நின்று, வியாபாரமே இல்லை என்று எழுதிக்கொண்டு போன கணக்கு. 1958 ஜனவரி முதலாம் திகதி இந்த நாட்டில் பஸ்களை அரசுடைமையாக்கினார்கள். இலாபம் பார்த்து மட்டும் பஸ் ஓடக்கூடாது என்பதுதானே அதன் பொருள்? இலாபம் பார்க்காமல் ஓடச் சொன்னதை, இலாபமும் பார்க்காமல் ஓடவும் ஓடாமல் என்று விளங்கிக்கொண்டவர்கள் எந்த வகுப்பில் படித்தார்களோ.

இரவு பஸ் நின்றுபோன காரணம் பற்றி எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. எண்பதுகளின் கடைசியிலிருந்து இந்தக் கரை மஃரிபுக்கு முன் கதவு சாத்தப் பழகியது. 1990 ஆகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் நடந்த படுகொலைக்குப் பிறகு இருட்டு வீதி என்றாலே மையித்துதான் ஞாபகம் வரும். அந்த நாளில் பஸ் ஓடவில்லை என்று யாரும் கேட்கவில்லை, கேட்கவும் முடியாது. 2009 மே மாதம் யுத்தம் முடிந்தது என்று பட்டாசு கொளுத்தினார்கள். 2019 ஏப்ரல் 26 இரவு சாய்ந்தமருதில் குண்டு வெடித்து மறுபடி ஊரடங்கு. அடுத்த வருடம் கொரோனாவுக்கு ஊரடங்கு. 2022இல் ஊரடங்கு இல்லாத நாளிலும் டீசல் இல்லை. ஒவ்வொரு ஊரடங்கையும் அறிவித்துப் போட்டு, அறிவித்து எடுத்தார்கள். பஸ்ஸுக்குப் போட்ட ஊரடங்கை எடுக்க ஒருவருக்கும் ஞாபகமில்லை.

ஞாபகப்படுத்தலாம் என்றால் யாரிடம் போவது? மாகாணத்துக்குள் ஓடும் தனியார் பஸ் மாகாணத்துக்குரியது. கிழக்கு மாகாண சபையின் ஆயுள் 2017இல் முடிந்தது, இன்றுவரை தேர்தல் இல்லை. மாநகர சபையைக் கேட்கலாமா? கல்முனையின் சபை 2018இல் தெரிவானது, 2023 மார்ச்சில் கலைந்தது. 2025 மே 6இல் நாடெங்கும் உள்ளூராட்சித் தேர்தல் நடந்தபோது கல்முனையில் வழக்கு நின்றது, வாக்குப் பெட்டி வரவில்லை. அரச பஸ் கொழும்புக்குரியது. கொழும்புக்குப் போய்க் கேட்டுவிட்டு வரலாம், அதற்கு மட்டும் ராவில் பஸ் இருக்கிறது என்று ஏற்கெனவே சொன்னேன்.

ஆட்களே இல்லாத இடங்களைக் கட்டுவதில் எங்கள் கரைக்கு நல்ல அனுபவம் உண்டு. ஒலுவிலில் டென்மார்க் கடனில் துறைமுகம் கட்டி 2013இல் திறந்தார்கள். சரக்குக் கப்பலைக் காணவில்லை, கடல்தான் வந்து கரையைத் தின்றது. சுனாமியில் வீடு இழந்தவர்களுக்கென்று அக்கரைப்பற்று நுரைச்சோலையில் சவூதி காசில் 500 வீடுகள் கட்டினார்கள். குடியேற வேண்டியவர்கள் வெளியே நிற்க, வீடுகளுக்குள் காடு குடியேறியது. இந்த வரிசையில் இரவில் பஸ் வராத பஸ் நிலையம் ஒன்றும் அதிசயமில்லை. யானைகளுக்கு மட்டும் சேவை ஒழுங்காக நடக்கிறது. பிரதேச சபைகள் பள்ளக்காட்டில் கொட்டிய குப்பையைத் தின்ன அவை கூட்டமாக வந்ததும், பிளாஸ்டிக் தின்று செத்ததும் 2022இல் உலகச் செய்தியானது. யானை அளவுக்குப் பெருத்தால்தான் எங்கள் இரவு யாருடைய கண்ணிலாவது படும் போலிருக்கிறது.

சென்னையில் 2023 ஐ.பி.எல். பருவத்தில் சேப்பாக்கத்துக்குப் போனவர்களுக்கு ஆட்டச் சீட்டே மெட்ரோ சீட்டாக இருந்தது. நள்ளிரவில் கூட்டம் கலையும்வரை ரயில் ஓடியது. சென்னை பெரிய பட்டினம், ஒத்துக்கொள்கிறேன். எங்களுக்கு ரயில் கனவே இல்லை. கடந்த நூற்றாண்டின் இருபதுகளில் மட்டக்களப்புக்கு வந்த ரயில் இன்னும் அங்கேயேதான் மூச்சு வாங்கிக்கொண்டு நிற்கிறது. நாங்கள் கேட்பது ஒரு சிவப்பு பஸ். சீட் கிழிந்திருக்கலாம், கண்ணாடி மூடாமல் இருக்கலாம். மருதமுனையிலிருந்து அக்கரைப்பற்றுக்குப் பத்தரைக்கு ஒன்று, பன்னிரண்டுக்கு ஒன்று. ஆஸ்பத்திரியில் இரவு வேலை முடிக்கிற தாதிக்கும், ஹோட்டலில் கொத்துப் போட்டுக் கை சோர்ந்த பொடியனுக்கும் அதே பஸ் உதவும்.

தேத்தண்ணிக் கடையில் இதைச் சொன்னபோது ஒரு ஹாஜியார் பிளேன்டீயை வைத்துவிட்டுக் கேட்டார்: "ராவையில புள்ளையளுக்கு என்ன விளையாட்டு? வீட்டில கிடந்தா பஸ் தேவையா?"

அவருக்கு அங்கே பதில் சொல்லவில்லை. இங்கே சொல்கிறேன். 2024 நவம்பர் 26. காரைதீவு – மாவடிப்பள்ளி வீதிக்கு மேலால் வெள்ளம் பாய்ந்தது. நிந்தவூரில் ஓதிக்கொண்டிருந்த சம்மாந்துறைப் பிள்ளைகள் மழைக்காக வீடு போகப் புறப்பட்டார்கள். அந்த இடத்தில் அவர்களுக்குக் கிடைத்த வாகனம் உழவு இயந்திரம். வெள்ளம் அதைப் புரட்டியது. பிள்ளைகளின் ஜனாஸாக்களை நாள்கணக்கில் தேடி எடுத்தோம். அது ராவு இல்லை, ஹாஜியார். அவர்கள் விளையாடப் போகவும் இல்லை, குர்ஆனை நெஞ்சில் சுமந்துகொண்டு வந்த பிள்ளைகள். ஓதப் போனாலும் ஆடப் போனாலும் எங்கள் பிள்ளை வீடு திரும்புவது அவனவன் தலையெழுத்து என்று விட்டுவிட்டோமே, அதைத்தான் கேட்கிறேன். இந்த இடத்தில் எனக்குக் கேலி வரவில்லை.

பஸ் பஞ்சம் என்ற கதையையும் நம்ப வேண்டாம். தேர்தல் கூட்டம் வரட்டும், மே தினம் வரட்டும். ஊர் ஊராக பஸ் வரிசை கட்டி நிற்கும். அதிகாலை இரண்டு மணிக்குக்கூட வீட்டு வாசலில் ஹோர்ன் அடித்து எழுப்பி, சோற்றுப் பார்சலும் கொடுத்துக் கூட்டிப் போவார்கள். அந்த நேரத்தில் டிரைவருக்கு நித்திரை வராது, டீசல் தீராது, வழித்தட அனுமதிப்பத்திரத்தை யாரும் புரட்ட மாட்டார்கள். கைதட்ட ஆள் ஏற்றும் பஸ் எந்த டிப்போவில் இரவு தூங்குகிறதோ, அதே டிப்போவில்தான் எங்கள் பஸ்ஸும் தூங்குகிறது.

சுற்றுப்போட்டி நடத்துகிற தம்பிமார்களே, உங்களிடம் ஒரு வேண்டுகோள். பொன்னாடைக்கும் ஞாபகச் சின்னத்துக்கும் ஒதுக்கும் காசில் ஒரு பஸ்ஸை வாடகைக்குப் பிடியுங்கள். அடுத்த போஸ்டரில் கறுப்புக் கண்ணாடிக்காரரின் படத்தை எடுத்துவிட்டு அந்த இடத்தில் பஸ் புறப்படும் நேரத்தைப் போடுங்கள். பிரதம அதிதியை ஏழரைக்கு வரச் சொல்லுங்கள். ஏழே முக்காலுக்கு அவர் வராவிட்டால் அவர் இல்லாமலே ஆட்டத்தைத் தொடங்குங்கள். ஒன்றும் ஆகாது, நான் பொறுப்பு.

அன்று நாங்கள் காரைதீவுச் சந்தி வரை நடந்தோம். அங்கே மீன் ஏற்றப் போன ஒரு சின்ன லொறி நிறுத்தி ஏற்றிக்கொண்டது. வீட்டுப் படலையில் தங்கச்சி டோர்ச்சோடு நின்றாள். மணி ஒன்று ஐம்பது. மருமகனின் சட்டையில் மீன் வாடை, அவன் கையில் பங்குபற்றியதற்கான சான்றிதழ். அதில் பிரதம அதிதியின் கையெழுத்து இருந்தது.

அடுத்த சுற்றுப்போட்டி வரும் வெள்ளிக்கிழமை. ஆரம்பம் இரவு 7.30. பிரதம அதிதி அவரேதான்.