கீசகன் பெங்களூர் போன கதை

விராட நாட்டில் ஒரு கொலை நடந்தது. செத்தவன் ராஜாவின் மச்சான், சேனாதிபதி கீசகன். கொன்றவன் அரண்மனைச் சமையல்காரன், அதாவது வேஷம் போட்ட பீமன். பழி விழுந்தது கந்தர்வர்கள் மேல். தனக்குக் கண்காணாத ஐந்து கந்தர்வப் புருஷர்கள் காவல் என்று திரௌபதி முன்கூட்டியே சொல்லிவைத்திருந்தாள். ஊரும் நம்பிவிட்டது. கைரேகை நிபுணர் இல்லாத காலத்தில் இதெல்லாம் ஒரு சௌகரியம்.

இந்தக் கொலைதான் தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படம்: 'கீசக வதம்'. வந்தது 1916-லா 1918-லா என்று ஆராய்ச்சியாளர்கள் இன்னும் மல்லுக்கட்டுகிறார்கள். எடுத்தவர் ஆர். நடராஜ முதலியார், மவுண்ட் ரோட்டில் மோட்டார் சாமான் விற்றவர். காமிராவைச் சுற்றக் கற்றது புனாவில், ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற துரையிடம். புரசைவாக்கம் மில்லர்ஸ் ரோட்டில் இடம் பிடித்து, தலைக்கு மேல் வெள்ளைத் துணி கட்டி, சூரியனை லைட்பாயாக வேலைக்கு வைத்தார். சம்பளம் கேட்காத லைட்பாய்!

ஆனால் படம் பிடிக்க உதவிய அதே வெயில், பிலிம் கழுவுகிற நேரத்தில் வில்லனாகிவிடும். பிலிமின் மேல்பூச்சு ஜெலட்டின். மெட்ராஸ் சூட்டில் பீமனும் கீசகனும் ஒரே கூழாகிவிடுவார்கள். எனவே கழுவும் கூடம் குளுகுளு பெங்களூரில். வாரம் முழுக்க இங்கே படப்பிடிப்பு, வாரக் கடைசியில் முதலியார் ரயிலேறி அங்கே போய்க் கழுவுவார். ஐ.டி. பிள்ளைகள் கண்டுபிடித்ததாக நினைக்கும் சென்னை–பெங்களூர் வாரக்கடைசி ஓட்டத்தை மனுஷர் நூறு வருஷம் முன்பே ஓடிவிட்டார்.

கொஞ்சம் கணக்குப் போடுங்கள். படம் சுமார் 6,000 அடி. அடிக்கு 16 பிரேம். கிட்டத்தட்ட 96,000 குட்டிக் கீசகர்கள் தகர டப்பாவில் பயணம்! புரசைவாக்கத்தில் அடி வாங்கிச் செத்தவன், பெங்களூர் இருட்டறைத் தொட்டியில்தான் மெல்ல உருவம் எடுத்தான். செத்த பிறகு தோன்றுவதைப் பேய் என்பார்கள். முதலியார் நெகட்டிவ் என்றார். பீமனுக்கு மீசை நழுவியிருந்தால்கூட அங்கே போய்த்தான் தெரியும். அதற்குள் பீமன் மீசையைக் கழற்றிவிட்டு வீட்டில் சாப்பிட்டுக்கொண்டிருப்பான்.

35,000 ரூபாய் போட்டு 50,000 எடுத்ததாகச் சொல்வார்கள். அப்படத்தில் இன்று ஓர் அடி மிச்சமில்லை.   பழி போட நமக்குத்தான் கந்தர்வர்கள் இருக்கிறார்களே.