ஒத்திவைப்புக் கோட்பாடு

தன்னைத் தன் உறுப்பாகக் கொள்ளாத கணங்கள் அனைத்தையும் திரட்டிய கணம் தன்னுள் அடங்குமா என்று 1902 ஜூனில் தத்துவஞானி ரஸல் கடிதம் எழுதிக் கேட்டபோது, அடங்கினால் அடங்காது, அடங்காவிட்டால் அடங்கும் என்ற அந்த முரண்புதிரில் சிக்கிய தர்க்கவியலாளர் ஃபிரெகே, கைக்காசு போட்டு அச்சுக்குக் கொடுத்திருந்த தம் நூலின் இரண்டாம் பாகத்துக்கு அவசரமாகப் பின்னிணைப்பு எழுத நேர்ந்தது. கற்பனையான ஒத்திவைப்புக் கோட்பாடு அன்று கைவசம் இருந்திருந்தால் இந்தச் சிரமம் நேர்ந்திராது. மெய், பொய் என்ற இரண்டோடு ‘பரிசீலனையில்’ என்னும் மூன்றாம் மதிப்பையும் கூற்றுகளுக்கு வழங்குவதே அதன் சாரமாதலால், தமக்குத் தாமே சவரம் செய்துகொள்ளாத அனைவருக்கும், அவர்களுக்கு மட்டுமே, சவரம் செய்யும் நாவிதர் தமக்கும் செய்துகொள்வாரா என்ற, அதே வகை வழக்கும் கோப்பில் ஏறிவிடும். கோப்பு திரும்பும்வரை தாடி வளரும். ‘இக்கூற்று பொய், அல்லது பரிசீலனையில் உள்ளது’ என்று எவரேனும் மனு எழுதிக் கொடுத்தால் மட்டும் எழுத்தர் சற்றே விழிப்பார். அதற்கும் துணைக்கோப்பு உண்டு.